ஒற்றி எடுத்த ஒளி: வி. எஸ். காய்தோண்டேயின் ஓவியத் தொழில்

ஓவியர் வி. எஸ். காய்தோண்டேயைப் பற்றி எழுதப் புகுந்தவர்களில் பெரும்பாலோர் ஒரு துறவியின் சரித்திரத்தை எழுதி முடிக்கிறார்கள். திருமணம் செய்துகொள்ளாதவர், அதிகம் பேசாதவர், டெல்லி நிஜாமுதீனில் ஒரு சிறிய மாடிக் குடியிருப்பில் தனியாக வாழ்ந்தவர், ஜென் படித்தவர், ரமணரிடமும் நிசர்கதத்த மகராஜிடமும் ஜே. கிருஷ்ணமூர்த்தியிடமும் ஈடுபாடு கொண்டவர், ஆண்டுக்கு ஐந்தாறு ஓவியங்களுக்கு மேல் வரையாதவர். இவை எல்லாமே உண்மைதான். ஆனால் இவற்றை மட்டும் அடுக்கிச் சொன்னால், அவருடைய கித்தான்களில் தெரியும் ஒளி தியானத்திலிருந்து நேராக இறங்கி வந்தது என்ற எண்ணமே படிப்பவர் மனத்தில் தங்கும். ரோலரால் உருட்டி, கத்தியால் வழித்து, கிழித்த செய்தித்தாளால் ஒற்றி எடுத்து, காயும்வரை காத்திருந்து, மறுபடியும் உருட்டி உண்டாக்கிய ஒளி அது. நம் அரூப ஓவியர்களில் காய்தோண்டே அளவுக்குத் தன் கைவேலையின் சுவடு தெரியாமல் வேலை செய்தவர்கள் மிகக் குறைவு. அதனாலேயே அந்தக் கைவேலையைப் பற்றி நாம் போதுமான அளவு பேசாமல் விட்டுவிட்டோம் என்று நினைக்கிறேன்.

வாசுதேவ் சாந்து காய்தோண்டே 1924 நவம்பர் 2 அன்று நாக்பூரில் பிறந்தார். குடும்பத்தின் பூர்வீகம் கோவா. இளமை கழிந்தது பம்பாயின் கிர்காவ் பகுதியில், ஒரு சால் குடியிருப்பில். சால் என்பது நீண்ட தாழ்வாரமும் அதை ஒட்டி வரிசையாக ஓரறை, ஈரறை வீடுகளும் கொண்ட அடுக்குமாடி. ஒரு வீட்டுப் பேச்சு அடுத்த வீட்டுக்குக் கேட்கும். கதவைச் சாத்திக்கொண்டு யாரும் தனியாக இருந்துவிட முடியாது. பிற்காலத்தில் அவர் தன் தனிமையை அவ்வளவு கறாராகக் காத்ததற்கு இந்தச் சாலில் வாழ்ந்த ஆண்டுகளும் ஒரு காரணமாக இருக்கலாம். மகன் ஓவியம் படிப்பதில் தந்தைக்கு உடன்பாடு இருக்கவில்லை. இருந்தும் சர் ஜே. ஜே. கலைப்பள்ளியில் சேர்ந்து 1948இல் பட்டயம் பெற்றார்.

ஜே. ஜே. பள்ளியில் அன்று இரண்டு வழிகள் இருந்தன. ஒன்று, ஆங்கிலேயர் கொண்டுவந்த, மாதிரியை முன்னால் நிறுத்தி ஒளியும் நிழலுமாக வரையும் பயிற்சி. மற்றொன்று, அஜந்தாச் சுவரோவியங்களையும் சமண ஏட்டுச் சித்திரங்களையும் மலைநாட்டு நுண்ணோவியங்களையும் பார்த்துப் பழகும் இந்தியப் பாணி. காய்தோண்டே இரண்டாவது வழியில் நடந்தார். அவரை அதிகம் ஈர்த்தவை பசோலி ஓவியங்கள். ஜம்மு மலைச்சரிவில், 17ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் தழைத்த பாணி அது. பின்புலம் முழுவதும் ஒரே மஞ்சளாகவோ ஒரே சிவப்பாகவோ இருக்கும். தொலைவு, நிழல், வானம் என்று கண்ணை உள்ளே இழுத்துச் செல்லும் எதுவும் அதில் கிடையாது. நகைகளில் மரகதம் மின்ன வேண்டிய இடத்தில் வண்டின் பச்சை இறக்கை உறையைத் துண்டுகளாக நறுக்கி ஒட்டிவைப்பார்கள். வெளிச்சம் மாறும்போது அந்தத் துண்டுகள் மட்டும் கண் சிமிட்டும். இந்த ஓவியங்களைப் பார்த்தபோது தன் கண் உருவங்களைத் தாண்டி, ஒரு வண்ணத்துக்கும் அடுத்த வண்ணத்துக்கும் உள்ள அளவு விகிதத்தின் மீதே போனது என்று காய்தோண்டே பின்னாளில் சொல்லியிருக்கிறார். பயிற்சியில் உருவங்களை ஒவ்வொன்றாக நீக்கி, வண்ணப் பரப்புகளை மட்டும் வைத்துப் பார்த்தாராம். அவருடைய அரூபம் நியூயார்க்கில் பிறந்தது என்று சொல்பவர்கள் இந்தச் சங்கதியைக் கவனிக்க வேண்டும். அமெரிக்காவைக் கண்ணால் காண்பதற்குப் பல ஆண்டுகள் முன்பே, பம்பாய் வகுப்பறையில், ஒரு பசோலிப் பிரதியில் அது முளைவிட்டுவிட்டது.

1947இல் பம்பாயில் சூசா, ரசா, ஹுசைன், ஆரா, காடே, பக்ரே ஆகிய அறுவர் சேர்ந்து முற்போக்குக் கலைஞர் குழுவைத் தொடங்கினார்கள். 1949இல் சூசா லண்டனுக்கும் மறு ஆண்டு ரசா பாரிஸுக்கும் போய்விட, குழு தளர்ந்தது. அந்தக் கட்டத்தில் உள்ளே வந்தவர்களில் காய்தோண்டேவும் கிருஷேன் கன்னாவும் உண்டு. நாஜிகளிடமிருந்து தப்பி பம்பாய்க்கு வந்து சேர்ந்த ஐரோப்பியர்களான வால்டர் லாங்ஹாமர், ருடால்ஃப் ஃபான் லேடன், எமானுவேல் ஷ்லெசிங்கர் ஆகியோர் இந்த இளைஞர்களுக்குப் புதிய ஓவியங்களைக் காட்டினார்கள், விமர்சித்தார்கள், விலை கொடுத்தும் வாங்கினார்கள். குழுவின் வரலாற்றைப் பலரும் விரிவாக எழுதியாயிற்று. காய்தோண்டேயைப் பொறுத்தவரை அது அவர் கடந்துபோன ஒரு முற்றம், அவ்வளவே.

1950களின் நடுவில் அவருடைய ஓவியங்களில் பால் க்ளேயின் சாயல் பளிச்சென்று தெரிகிறது. மெல்லிய கோட்டில் வரைந்த மனிதர்கள், பறவைகள், கட்டங்கட்டமான வண்ணங்கள். க்ளேயிடமிருந்து அவர் கற்றது விளையாட்டுத்தனத்தை மட்டும் அன்று. கோடும் வண்ணமும் ஒன்றுக்கொன்று கட்டுப்படாமல் தனித்தனியாக இயங்கலாம் என்பதையும் கற்றார். 1957இல் டோக்கியோவில் நடந்த இளம் ஆசியக் கலைஞர்கள் கண்காட்சியில் முதல் பரிசு கிடைத்தது. அடுத்த இரண்டு மூன்று ஆண்டுகளில் மனிதர்களும் பறவைகளும் கித்தானைவிட்டுப் போய்விட்டார்கள். திரும்பி வரவே இல்லை. இதற்குப் பிறகு வரைந்தவற்றை அரூபம் என்று பிறர் அழைப்பதை அவர் ஏற்றுக்கொள்ளவில்லை. கண்ணால் கண்ட ஒன்றிலிருந்து சாரத்தை வடித்தெடுப்பது தன் வேலை அல்ல, கித்தானுக்கு வெளியே எந்தப் பொருளையும் இந்த ஓவியங்கள் சுட்டவில்லை என்பது அவர் நிலை.

அந்த ஆண்டுகளில் அவருக்கு வேலை செய்ய இடம் கொடுத்தது பம்பாய் வார்டன் சாலையிலிருந்த பூலாபாய் தேசாய் நினைவு நிறுவனம். கடலை ஒட்டிய பழைய பங்களா. ஓர் அறையில் ரவிசங்கரின் இசைப் பள்ளி, இன்னோர் இடத்தில் அல்காசியின் நாடக ஒத்திகை, வேறு அறைகளில் ஹுசைன், நஸ்ரீன் முகமதி போன்ற ஓவியர்கள். இந்திய நவீன கலையில் எத்தனையோ காரியங்கள் அந்த ஒரு கூரையின் கீழ் நடந்தன. அங்கே காய்தோண்டே கடலைப் பார்த்தபடி நெடுநேரம் உட்கார்ந்திருப்பார் என்று நண்பர்கள் எழுதியிருக்கிறார்கள். 1960களின் தொடக்க ஓவியங்கள் கிடைவாக்கில் அகன்றவை; நீலமும் சாம்பலும் பச்சையும் கலந்தவை; நடுவில் எங்கோ ஒரு கிடைக்கோடு மங்கலாக ஓடும். பார்ப்பவர் கடல் என்றுதான் சொல்வார். அப்படிச் சொல்வதில் தவறில்லை, ஆனால் அங்கேயே நின்றுவிடக் கூடாது. அலையோ படகோ கரையோ அந்த நீலத்தில் கிடையாது. கடலைப் பார்த்துக்கொண்டே இருந்தால் கண்ணுக்கு நேரும் ஒரு நிலை, பார்வை எதிலும் பற்றி நிற்க முடியாமல் பரப்பு முழுவதிலும் பரவிவிடும் நிலை, அதுதான் அந்த ஓவியங்களில் இருக்கிறது.

1963இல் அமெரிக்க ஓவியர் மோரிஸ் கிரேவ்ஸ் அவருடைய படைப்புகளைக் கண்டு வியந்து, நியூயார்க்கின் வில்லார்ட் கேலரிக்குப் பரிந்துரை எழுதினார். 1964இல் மூன்றாம் ஜான் டி. ராக்ஃபெல்லர் நிதியத்தின் நல்கையில் காய்தோண்டே நியூயார்க் போனார். மார்க் ராத்கோவின் பெரிய கித்தான்களை அங்கே நேரில் கண்டார். ராத்கோவோடு அவரை ஒப்பிடுவது அன்று தொடங்கிய பழக்கம், இன்றும் விட்டபாடில்லை. ஒப்பீட்டில் நியாயம் உண்டு: இருவரும் வண்ணத்தை மெல்லிய படலங்களாக ஏற்றியவர்கள், இருவரும் பார்வையாளரை நிறுத்தி வைக்கத் தெரிந்தவர்கள். ஆனால் ராத்கோவின் கருவி தூரிகை. விளிம்பு கரைந்த செவ்வகங்களில் தூரிகை அங்குமிங்கும் அலைந்த வேகம் தெரியும். அவருடைய மனக் கொந்தளிப்பும் அந்த வேகத்தின் வழியாகவே நம்மிடம் வருகிறது. காய்தோண்டே தூரிகையின் அந்தச் சாட்சியத்தையே துடைத்துவிட்டார்.

எப்படித் துடைத்தார் என்பதுதான் இந்தக் கட்டுரையின் மையம். 1960களில் அவர் ரோலரைக் கையில் எடுத்தார். கூடவே வண்ணக் கத்தி. தூரிகை ஒரு திசையில் போகும். போன தடத்தை மயிர்க்கோடுகளாக விட்டுச் செல்லும். எங்கே அழுத்தினார், எங்கே தயங்கினார், எங்கே கையை எடுத்தார் என்பதெல்லாம் அந்தக் கோடுகளிலிருந்து தெரிந்துவிடும். ரோலரில் அதற்கு வழியில்லை. வண்ணத்தைச் சமமாகப் பரப்பும், அழுத்தத்தைப் பகிர்ந்துவிடும், கையின் நடுக்கத்தை விழுங்கிவிடும். அதே சமயம், நெசவு புடைத்த கித்தானின் மேல் மெல்லிய வண்ணத்தை உருட்டும்போது மேடுகளில் வண்ணம் பிடிக்கும், பள்ளங்களில் பிடிக்காது. அடியிலுள்ள படலம் ஆயிரக்கணக்கான நுண்ணிய இடைவெளிகளில் எட்டிப் பார்க்கும். இரண்டடி தள்ளி நின்று பார்த்தால் ஒரே சாம்பல் பரப்பு. முகத்தை அருகே கொண்டுபோனால் அந்தச் சாம்பலுக்குள் ஒரு காவி, அதற்கும் அடியில் ஒரு பச்சை.

தைல வண்ணத்தின் இயல்பும் இங்கே முக்கியம். நீர்வண்ணத்தில் நீர் ஆவியாகிவிட்டால் காய்ந்த கணக்கு. தைல வண்ணத்தில் இருக்கும் ஆளிவிதை எண்ணெய் ஆவியாவதில்லை. காற்றிலிருக்கும் ஆக்சிஜனை மெல்ல ஏற்றுக்கொண்டு, மூலக்கூறுகள் ஒன்றோடொன்று பின்னி இறுகுகிறது. ஆறவிட்ட பாலின் மேல் ஏடு படிவது போல முதலில் மேற்புறம்தான் தோல் கட்டும். உள்ளே ஈரம் இருந்துகொண்டிருக்கும். தொட்டால் ஒட்டாத பதத்துக்கு மெல்லிய படலமே சில நாள் எடுக்கும், முழுவதும் இறுக மாதக்கணக்கு ஆகும். அடிப்படலம் இறுகும் முன் மேலே இன்னொன்றை ஏற்றினால், அல்லது எண்ணெய் குறைந்த படலத்தை எண்ணெய் மிகுந்த படலத்தின் மேல் ஏற்றினால், பிற்காலத்தில் வெடிப்பு விழும். பல அடுக்குகளில் வேலை செய்யும் ஓவியர் இந்தக் கணக்கைப் பிசகாமல் பார்த்தாக வேண்டும். ஆண்டுக்கு ஐந்தாறு ஓவியங்கள்தான் என்பதை அவருடைய ஆன்மிகப் பொறுமைக்குச் சான்றாக எடுத்துக்காட்டுவார்கள். எனக்கு அதில் ஆளிவிதை எண்ணெயின் பொறுமையும் தெரிகிறது. அவர் காத்திருந்தது உண்மை. காத்திருக்கும்படி அவருடைய பண்டமும் கேட்டது.

ஈரம் இருக்கும் அந்த இடைவெளியில்தான் அவருடைய தனித்த கண்டுபிடிப்பு நிகழ்கிறது. செய்தித்தாளையோ பத்திரிகைத் தாளையோ சிறு துண்டுகளாகக் கிழித்து, ஈர வண்ணத்தின் மேல் வைத்து, அதன் மேல் ரோலரை ஓட்டுவார். தாள் வண்ணத்தை உறிஞ்சும். எடுத்தால், துண்டு இருந்த வடிவத்தில் வண்ணம் குறைந்திருக்கும். அடியிலுள்ள படலம் அந்த அளவுக்கு வெளியே வந்திருக்கும். வண்ணம் தோய்ந்த அதே தாளை வேறோர் இடத்தில் வைத்து அழுத்தினால், அங்கே அதன் சாயல் பதியும். பூசுவதும் எடுப்பதும் ஒரே அசைவின் இரு பக்கங்களாகிவிடுகின்றன. 1970களில் அவருடைய வேலைமுறையை அருகிருந்து கவனித்து எழுதிய விமர்சகர் பிரியா கருணாகரின் பதிவு இவ்விஷயத்தில் பொக்கிஷம். அவரும் எழுதாமல் விட்டிருந்தால் இந்த ஓவியங்கள் எப்படி உண்டாயின என்பதை ஊகித்துக்கொண்டே இருந்திருப்போம்.

கிழித்த தாளின் விளிம்பை உற்றுப் பாருங்கள். கத்தரித்த விளிம்பைப் போல அது நேராக இராது. நாரும் பிசிறுமாக, ஒரு பக்கம் தடித்தும் மறுபக்கம் மெலிந்தும் இருக்கும். அந்த விளிம்பை எந்தத் தூரிகையாலும் வரைய முடியாது. காய்தோண்டேயின் கித்தானில் மிதக்கும் அந்தச் சிறு வடிவங்களுக்கு, வரைந்தது போலவும் வரையாதது போலவும் ஒரு தோற்றம் இருப்பதற்கு இதுவே காரணம். பாசி படிந்த சுவரில், துருவேறிய தகட்டில், நெடுங்காலம் மழை விழுந்த பாறையில் தானாகத் தோன்றும் வடிவங்களைப் போன்ற இயல்பு அவற்றுக்கு வந்துவிடுகிறது. ஆனால் எந்தத் துண்டை எங்கே வைப்பது, எவ்வளவு அழுத்துவது, எப்போது எடுப்பது என்பதெல்லாம் அவர் எடுத்த முடிவுகள். ஈரப்பதம் அரைநாள் தவறினால் தாள் ஒட்டிக்கொண்டுவிடும், அல்லது எதையும் எடுக்காது. தற்செயலுக்கு இடம் கொடுத்திருக்கிறார், ஆனால் அந்த இடத்தின் அளவை அவரே வரையறுத்திருக்கிறார்.

ஒளிக்கு வருவோம். அவருடைய நல்ல ஓவியங்களில் வெளிச்சம் பின்னாலிருந்து வருவது போலத் தோன்றும். வெள்ளைப் புள்ளி வைத்து உண்டாக்கிய பளபளப்பு அங்கே கிடையாது. ஒளி ஊடுருவும் மெல்லிய படலங்களை வெளிறிய அடித்தளத்தின் மேல் ஏற்றும்போது, அறையின் வெளிச்சம் எல்லாப் படலங்களையும் கடந்து உள்ளே போய், அடித்தளத்தில் பட்டுத் திரும்பி, மறுபடியும் அதே படலங்கள் வழியாக வெளியே வருகிறது. இரண்டு முறை வடிகட்டிய ஒளி. படலம் எங்கே மெலிகிறதோ அங்கே ஒளி கூடும். ஆக, வண்ணத்தை எடுக்கும் ஒவ்வொரு செயலும் ஒளியைச் சேர்க்கும் செயலாகிறது. ரோலர், கத்தி, தாள் மூன்றும் இந்த ஓர் இலக்கை நோக்கியே வேலை செய்கின்றன. ஒளி வேண்டுமென்றால் எதைச் சேர்க்கலாம் என்று யோசிக்காமல், எதை நீக்கலாம் என்று யோசித்த கலைஞர் இவர். பசோலிப் பிரதியில் உருவங்களை நீக்கிப் பார்த்த மாணவர்தான் இங்கேயும் இருக்கிறார்.

1960களின் இறுதியில் கித்தான்கள் நிமிர்ந்துவிட்டன. கடல் போன்ற கிடைப்பரப்பு போய், ஓர் ஆளின் உயரத்தை நெருங்கும் செங்குத்து வடிவம் வந்தது. எதிரே நின்றால் ஒரு காட்சியை நோக்கும் உணர்வு குறைந்து, இன்னொருவர் முன் நிற்கும் உணர்வு கூடுகிறது. 1970களில் இந்தச் செங்குத்துப் பரப்பில் குறிகள் தோன்றின: எந்த மொழியிலும் சேராத எழுத்துகள் போல, கல்வெட்டில் தேய்ந்துபோன வரி போல, சில இடங்களில் கூடியும் சில இடங்களில் அறுந்தும். வாசிக்கத் தூண்டும், ஆனால் வாசிக்கவிடாது. ஏறத்தாழ பத்தாண்டு முன்பே சென்னையில் கே. சி. எஸ். பணிக்கர் இதே வாசலுக்கு வேறு பாதையில் வந்திருந்தார். 1963இல் அவர் தொடங்கிய ‘சொற்களும் குறியீடுகளும்’ என்ற ஓவிய வரிசையில் ஜாதகக் கட்டங்களும் எண்களும் மலையாள எழுத்தை ஒத்த வரிகளும் கித்தானை நிறைத்தன. பணிக்கரின் குறிகள் நம் ஊர்ச் சோதிடர் ஏட்டிலிருந்தும் கோயில் சுவரிலிருந்தும் வந்தவை. எங்கிருந்து வந்தோம் என்று சொல்லிக்கொண்டே நிற்பவை. காய்தோண்டேயின் குறிகளுக்கு ஊர் இல்லை. தாள் கிழிந்த விதத்திலிருந்து பிறந்தவை அவை. இருவரையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கும் ஒரு கண்காட்சி என்றாவது நடக்க வேண்டும். 1960, 70களில் இந்திய ஓவியம் எழுத்தை எப்படி எதிர்கொண்டது என்பது அப்போது தெளிவாகும்.

ஆன்மிகத்தைப் பற்றிச் சொல்லாமல் போக முடியாது. அதைக் குறைத்து மதிப்பிடுவது என் நோக்கமும் அல்ல. திருவண்ணாமலையில் பெரும்பாலும் மௌனத்தாலேயே கற்பித்த ரமணர், பம்பாய் கேத்வாடியில் பீடிக்கடை நடத்திய நிசர்கதத்தர், குருவே வேண்டாம் என்று சொன்ன கிருஷ்ணமூர்த்தி ஆகிய மூவரிடமும் பொதுவாக ஒன்று உண்டு. சடங்கும் சின்னமும் அவர்கள் உபதேசத்தில் முதன்மை பெறவில்லை. காய்தோண்டே அவர்களிடம் போனதும் தற்செயலாக இராது. 1966இல் அஜித் முகர்ஜியின் தந்திரக் கலை நூல் வெளிவந்த பிறகு, இந்திய அரூப ஓவியத்தில் யந்திரங்களும் பிந்துக்களும் தாமரைகளும் பெருகின; ஜி. ஆர். சந்தோஷ், பிரேன் டே போன்றோர் அந்த வழியில் ஆழமாகப் போனார்கள். ரசாவின் பிந்துவும் பின்னர் உலகப் புகழ் பெற்றது. இந்தியத் தத்துவத்தை இந்தியச் சின்னத்தால் காட்டும் அந்தக் காலத்தில், தத்துவத்தில் அவ்வளவு தோய்ந்திருந்த காய்தோண்டே ஒரு சின்னத்தைக்கூடக் கித்தானில் ஏற்றவில்லை. பெயரும் வைக்கவில்லை, பெரும்பாலானவை தலைப்பில்லாதவை. முதிர்ந்த கால ஓவியங்களில் கையெழுத்தும் தேதியும்கூடப் பின்புறத்தில்தான் இருக்கும். ஆசிரியர்களிடமிருந்து அவர் பெற்றது ஓர் ஒழுக்கம். உருவங்களையோ கதைகளையோ அவர் அவர்களிடம் தேடவில்லை.

1991இல் வெளியான ஒரு நேர்காணலில் மௌனத்தைப் பற்றி அவர் பேசியது அடிக்கடி மேற்கோள் காட்டப்படுகிறது. எல்லாம் மௌனத்திலிருந்து தொடங்குகிறது என்று சொல்லும் அவர், அடுத்தபடியாகத் தூரிகையின் மௌனம், கித்தானின் மௌனம், வண்ணக் கத்தியின் மௌனம் என்று கருவிகளைப் பட்டியலிடுகிறார். ஓவியர் இந்த மௌனங்களை உள்வாங்கிக்கொண்டுதான் வேலையைத் தொடங்குகிறார் என்கிறார். இதை மேற்கோள் காட்டுவோர் மௌனம் என்ற சொல்லில் நின்றுவிடுகிறார்கள். கத்தியும் கித்தானும் அந்தப் பேச்சில் ஏன் வந்தன என்று கேட்பதில்லை. அவரைப் பொறுத்தவரை மௌனம் கருவியைப் பிடித்த கையில் இருந்தது என்றே நான் படிக்கிறேன்.

பூலாபாய் நாட்களில் அவருக்கு நெருங்கிய இளைய தோழியான நஸ்ரீன் முகமதி இதை நன்கு புரிந்துகொண்டவர். 1937இல் கராச்சியில் பிறந்து, லண்டனிலும் பாரிஸிலும் பயின்று, பின்னர் பரோடாவில் ஆசிரியராக இருந்த நஸ்ரீன், தாளின் மேல் மையாலும் பென்சிலாலும் கட்டடக்காரர்களின் வரைகருவிகளைக் கொண்டு மயிரிழைக் கோடுகளை வரைந்தார். காய்தோண்டேயின் பரந்த வண்ணத்துக்கும் நஸ்ரீனின் கோடுகளுக்கும் வெளித்தோற்றத்தில் ஒற்றுமை ஏதுமில்லை. ஆனால் அவரும் தலைப்பு வைக்கவில்லை. அவரும் ஒரே வகைக் கருவியோடு ஆண்டுக்கணக்கில் தங்கினார். நோயால் கை கட்டுப்பாட்டை இழந்துவந்த காலத்திலும் கோட்டின் துல்லியத்தை விட்டுக்கொடுக்கவில்லை. 1990இல் அவர் இறந்தார். ஆசிரியர், மாணவி என்று இவர்களைச் சொல்ல முடியாது. ஒருவர் வேலையை இன்னொருவர் கவனித்து, தன் வேலையில் மேலும் கறாராகிக்கொண்ட உறவு அது.

1970களின் தொடக்கத்தில் காய்தோண்டே டெல்லிக்குக் குடிபெயர்ந்தார். 1971இல் பத்மஸ்ரீ கிடைத்தது. 1984இல் நேர்ந்த ஒரு விபத்தில் கடுமையாகக் காயமுற்றார். பெரிய கித்தானின் முன் நின்று, கையை உயர்த்தி, ரோலரை அழுத்தி ஓட்டும் வேலை உடம்பால் முடியாமல் போயிற்று. 1980களின் நடுவில் அவர் செய்தவை தாளில் மையால் ஆன சிறு ஓவியங்கள். இவற்றைப் பெரிய கித்தான்களுக்கு இடையில் வந்த ஓய்வுக் காலமாகக் கருதிப் பலர் கடந்துவிடுகிறார்கள். எனக்கு அவை மிகவும் முக்கியமாகப் படுகின்றன. ரோலர் இல்லை, ஒற்றி எடுக்கும் வித்தை இல்லை, காத்திருப்பு இல்லை. மை தாளில் பட்டதும் பட்டதுதான், திருத்த வழி கிடையாது. இருபது ஆண்டுகளாக மறைத்துவைத்த கையசைவு இங்கே வெளிப்படையாக வருகிறது: கறுப்புக் கீற்றுகள், சுழிப்புகள், திடீர் நிறுத்தங்கள். கித்தான்களில் இருந்த அதே இடைவெளி உணர்வு, எதை எவ்வளவு தள்ளி வைப்பது என்ற அதே கணக்கு, இவற்றிலும் மாறாமல் இருக்கிறது. அவருடைய நுட்பம் கருவியில் மட்டும் இல்லை, கண்ணிலும் இருந்தது என்பதற்கு இந்தத் தாள்களைவிட நல்ல சான்று வேண்டாம்.

அக்காலத்தில் ஏன் வரைவதில்லை என்று கேட்டவர்களிடம், இப்போதும் வரைகிறேன், தலைக்குள்ளே வரைகிறேன்; இருக்கும் கொஞ்ச சக்தியைக் கித்தானில் வண்ணம் ஏற்றுவதில் செலவழிக்க முடியாது என்ற பொருளில் அவர் பதில் சொன்னதாகப் பதிவாகியிருக்கிறது. துறவிக் கதையை விரும்புவோர்க்கு இது உகந்த வாக்கியம். கையே தேவையில்லை, மனமே போதும் என்று இதை எடுத்துக்கொள்வார்கள். நான் இதில் கேட்பது உடம்பின் கணக்கை. ஒரு கித்தானுக்கு எவ்வளவு உழைப்பு செலவாகும் என்று துல்லியமாக அறிந்த ஒருவர்தான் சக்தியை இப்படி எண்ணிப் பேச முடியும். பின்னர் அவர் கித்தானுக்குத் திரும்பவும் செய்தார். 1990களின் ஓவியங்களில் வண்ணம் துணிச்சலாகிறது, குறிகள் அழுத்தமாகின்றன. 1998க்குப் பிறகு வரையவில்லை. 2001 ஆகஸ்ட் 10 அன்று குருகிராமில் காலமானார்.

பணமும் பெரும்புகழும் அதன் பிறகு வந்தன. 2013 டிசம்பரில் கிறிஸ்டீஸ் நிறுவனம் மும்பையில் நடத்திய முதல் ஏலத்தில் 1979ஆம் ஆண்டு ஓவியம் ஒன்று 23.7 கோடி ரூபாய்க்குப் போனது. 2021இல் சாஃப்ரன்ஆர்ட் ஏலத்தில் 1961ஆம் ஆண்டின் ஒரு நீல ஓவியம் ஏறத்தாழ 40 கோடியைத் தொட்டது. 2014 அக்டோபரில் நியூயார்க் குகன்ஹைம் அருங்காட்சியகத்தில் சந்தினி பொத்தார் தொகுத்த பின்னோக்குக் கண்காட்சி தொடங்கியது. அதன் தலைப்பே ஓவியத்தைச் செயல்முறை என்றும் வாழ்க்கை என்றும் இரு சொற்களில் சொன்னது. மீரா மெனேசஸ் எழுதிய வாழ்க்கை வரலாறு 2016இல் வந்தது. விலை உயர்ந்ததில் ஒரு கேடும் உண்டு. நாற்பது கோடி பெறும் ஓவியம் தனியார் வீட்டுச் சுவருக்கோ பாதுகாப்பு அறைக்கோ போய்விடுகிறது. படத்தில் பார்த்து அறியக்கூடிய ஓவியர் அல்லர் இவர். அச்சும் திரையும் எல்லாப் படலங்களையும் ஒரே தளத்தில் தட்டையாக்கிவிடும். பக்கவாட்டில் நின்று, தலையைச் சாய்த்துப் பார்த்தால்தான் கத்தி நின்ற இடத்தில் வண்ணம் வரம்பு கட்டியிருப்பதும், தாள் எடுத்த இடத்தில் பரப்பு தாழ்ந்திருப்பதும் தெரியும். டெல்லி ஜெய்ப்பூர் ஹவுஸிலுள்ள தேசிய நவீன கலைக்கூடத்துக்குப் போகிறவர்கள் அவர் ஓவியத்தின் முன் கால் மணி நேரமாவது நிற்க வேண்டுகிறேன்.

இனி நடக்க வேண்டியது பொருள் சார்ந்த ஆய்வு. ராத்கோ 1960களில் ஹார்வர்டு பல்கலைக்கழகத்துக்கு வரைந்த சுவரோவியங்களில் அவர் பயன்படுத்திய ஒரு சிவப்பு நிறமி வெயில் பட்டு வெளுத்துப்போய், அந்த ஓவியங்களையே கழற்றி உள்ளே வைக்க நேர்ந்தது. எந்த நிறமி, எந்தக் கலவை, எந்த வரிசை என்று வேதியியலாளர்கள் கண்டறிந்த பிறகே, 2014இல் இழந்த வண்ணத்தைக் கணினி கணக்கிட்ட ஒளியாக ஓவியத்தின் மேல் பாய்ச்சி மீட்டுக் காட்ட முடிந்தது. காய்தோண்டேயின் படலங்கள் அதைவிட மெல்லியவை, அடுக்குகளும் அதிகம், அவை வாழ்வது இந்தியாவின் ஈரத்திலும் வெப்பத்திலும். குண்டூசி முனையளவு மாதிரி எடுத்துக் குறுக்குவெட்டாக நுண்ணோக்கியில் பார்த்தாலே எத்தனை படலம், எது முதலில், எது எவ்வளவு காய்ந்தபின் அடுத்தது என்று எண்ணிவிடலாம். போலிகளைக் கண்டுபிடிக்கவும் அதுவே உதவும். இதற்கு வெளிநாடு போக வேண்டியதில்லை. 1960களில் ஹோமி பாபா பம்பாய்க் கலைஞர்களின் ஓவியங்களைத் தேடித் தேடி வாங்கித் தன் டாடா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனத்தின் சுவர்களில் மாட்டியபோது, காய்தோண்டேயின் ஓவியங்களையும் சேர்த்தார். கொலாபாவில் கடல் உப்புக்காற்று வீசும் அந்த வளாகத்தில் ஓவியங்களும் ஆய்வுக்கூடங்களும் பல பத்தாண்டுகளாகப் பக்கத்துப் பக்கத்து அறைகளில் இருக்கின்றன. முதல் மாதிரியை அங்கிருந்தே எடுக்கலாம்.